கண்ணம்மை அக்கா வைக்காத அடுக்கு

நான் வேலை செய்து ஓய்வு பெற்ற கந்தோரின் ஆண்டு மலருக்கு "இனிமையான நினைவு" ஒன்று எழுதித் தரும்படி மலர்க்குழுப் பிள்ளைகள் கேட்டார்கள். இரண்டு பக்கம் போதுமாம். சிரிக்கிற மாதிரி இருந்தால் இன்னும் நல்லதாம். கூடவே, புதிதாகச் சேருகிறவர்களுக்கென்று அச்சடித்த பயிற்சிப் புத்தகம் ஒன்றையும் அனுப்பியிருந்தார்கள். "உங்கட காலத்துக் கேஸ் எல்லாம் இதில இரிக்கு எமில்டா மிஸ், வாசிச்சுப் பாருங்க" என்று ஒரு துண்டும் வைத்திருந்தார்கள்.

வாசித்தேன். நடுப்பக்கத்தில் ஒரு பெட்டிக்குள் நண்டோடைக் கதை இருக்கிறது. "வாவிப் பிரதிநிதி கவனயீனமாக இட்ட இரண்டாம் அடுக்கினால் குடியிருப்பு அழிந்தது. பிரதிநிதிகளுக்குப் போதிய விளக்கம் அளிக்கப்பட வேண்டும்."

விளக்கமாம்! கண்ணம்மை அக்காவுக்கு வாவியைப் பற்றி இவர்கள் விளக்கம் குடுக்கப் போகிறார்களாம்! எனக்கு வந்த விசருக்கு அடுப்பில் பால் பொங்கி ஊத்துண்டதையும் நான் பார்க்கவில்லை. உடனே போன் எடுத்து அந்தப் புத்தகத்துக்குப் பொறுப்பான தம்பியோடு கதைத்தேன். "அது பழைய கதைதானே மிஸ், அந்த மனிசி இப்ப உயிரோட இரிக்காவோ தெரியா" என்கிறான். உயிரோடுதானடா இருக்கிறா. செத்திருந்தாலும் பொய் பொய்தான்.

ஆகவே பிள்ளைகளே, இதுதான் என்னுடைய நினைவு. இனிக்காது.

அடுக்கு என்றால் என்னவென்று கந்தோருக்கு வெளியே இருக்கிறவர்களுக்கும் விளங்கட்டும். ஒரு தாள். அதன் அடியில் தேசிக்காயை, அதுதான் எலுமிச்சையை, வெட்டின துண்டளவில் ஒரு இடம். அந்த ஒரே இடத்தில், ஒன்றின் மேல் ஒன்றாக ஐந்து பேர் ஐந்து குறி வைப்பார்கள். கண்டல் பட்டைச் சாயமும் வாவிச் சேறும் சேர்த்துக் காய்ச்சின மை. வைக்கிறவர் அதைத் தன் எச்சிலில் குழைத்துத் தன் பெருவிரலால் வைக்க வேண்டும். வைத்ததும் கொஞ்ச நேரம் கண் மாதிரி மினுங்கிக்கொண்டிருக்கும். மினுக்கம் அடங்கினால் "கண் மூடிட்டு" என்போம். அது மூடின பிறகுதான் அடுத்த ஆள் வைக்கலாம். ஐந்தும் படிந்தால் தாள் இளஞ்சூடாகும். அதற்குப் பிறகு, தாளில் கேட்டது நடக்கும்.

நடக்கும் என்றால் நடக்கும். வாகரைக்கு மாற்றம் கிடைத்த எங்கள் கிளாக்கர் ஒருவர் போகமாட்டேன் என்று அடம்பிடித்தார். அடுத்த நாள் காலையில் பாண் வாங்கத் தெற்கே வெளிக்கிட்டவரின் கால் இரண்டும் வடக்கே கிறுகிவிட்டன. மூன்று நாள் பின்பக்கமாக நடந்து கந்தோருக்கு வந்து பார்த்தார். நாலாம் நாள் பெட்டியைக் கட்டிக்கொண்டு வாகரை பஸ்ஸில் ஏறினார். பிள்ளைகளே, நீங்கள் கேட்ட சிரிப்பு இவ்வளவுதான்.

நான் மை காய்ச்சவும், அடுக்குக் கண் மூடியதா இல்லையா என்று பார்க்கவும் மூன்று வருசம் பழகினேன். மூத்த கிளாக்கரிடம் வாங்கின ஏச்சுக் கொஞ்சமல்ல. அதை விடுவோம். பழகி முடித்து நான் இருந்த மேசை, முகத்துவாரம் வெட்டும் தாள்களின் மேசை.

மாரியில் வாவி நிரம்பும். கடலுக்குப் போகிற வாயை மணல் அடைத்திருக்கும். திறக்காவிட்டால் தண்ணீர் ஏறி வட்டை வட்டையாக வயல் தாழும். கண்ட இடத்தில் திறந்தால் வாவிக்கரைச் சனம் அள்ளுப்படும். அதனால் அந்தத் தாளில் ஒவ்வொரு அடுக்கும் ஒரு கேள்விக்குப் பதில். முதலாவது வயல்காரரின் தலைவர், வட்ட விதானையுடையது: ஏன் திறக்க வேண்டும். இரண்டாவது வாவியில் தொழில் செய்கிறவர்களின் பிரதிநிதியுடையது: எந்த இடத்தில். மூன்றாவது கிராம சேவகர்: ஆருக்கு என்ன பாதிப்பு. நாலாவது பொறியியலாளர்: எவ்வளவு அகலம். ஐந்தாவது எங்கள் கந்தோருக்குத் தலைவரான ஐயா: எப்போது. தாளின் மேலே பேனையால் என்னத்தை எழுதினாலும் தண்ணீர் அதை வாசிக்காது. அடுக்கைத்தான் வாசிக்கும்.

நண்டோடையின் வாவிப் பிரதிநிதி கண்ணம்மை அக்கா. அத்தாங்கு வலையோடு இடுப்பளவு தண்ணீரில் நின்று இறால் அள்ளுகிற மனிசி. கையில் எப்போதும் இறால் மணம். எங்கள் பியோன் மூக்கைப் பொத்துவான். அதற்கென்றே அக்கா அவன் மேசையில் இரண்டு கையையும் ஊன்றிக்கொண்டு, "தம்பி, கண்டு கனநாள், சுகமா?" என்று கேட்பா. ஆனால் அடுக்கு வைக்கிற விசயத்தில் பகிடி இல்லை. வைக்க முன்னம் கம்பு ஒன்றை எடுத்துக்கொண்டு மணல்திட்டு முழுக்க நடந்து, குத்திக் குத்திப் பார்த்துவிட்டுத்தான் வருவா. மணல் வருசத்துக்கு வருசம் இடம் மாறும். நண்டோடைச் சனமும் அதற்கேற்ற மாதிரித்தான் குடிசையைப் பிடுங்கிப் பிடுங்கிப் போடும். போன வருசம் வாய் திறந்த இடம், அடுத்த வருசம் மணல் மூடிக் குடியிருக்கிற இடமாயிருக்கும். அக்காவுக்கு அது பாயில் படுக்கிற பக்கம் மாதிரித் தெரியும்.

இப்போது எங்கள் திருகுதாளத்துக்கு வருகிறேன். மெழுகுத்தாளில் வைத்த அடுக்குக் கண் மூடாது. எத்தனை மாதம் கழித்து எடுத்தாலும் ஈரமாகவே இருக்கும். அதை எந்தத் தாளிலும் வைத்துக் கரண்டிக் காம்பால் தேய்த்தால் படிந்துவிடும். அதனால் வழமையாக வருகிற ஆட்களிடம் கைகாவலுக்கென்று ஒரு அடுக்கை வாங்கி அலுமாரிக்குள் வைத்திருப்போம். ஆள் வராவிட்டாலும் வேலை தடைப்படாது. வெறுந்தாளில் கையெழுத்து வாங்குகிறதுதான், வேறொன்றுமில்லை. சட்டத்தில் இல்லை. ஆனால் எல்லா மேசையிலும் இருந்தது. நல்ல எண்ணத்தில்தான் செய்தோம் என்று இன்றைக்கும் சொல்லுகிறவர்கள் இருக்கிறார்கள். நானும் அப்படிச் சொன்னவள்தான்.

நண்டோடை அழிந்ததற்கு முந்தின வருசம், வாய் நல்லபடி திறந்து முடிந்த பிறகு, அக்கா மழையில் நனைந்து, தோணியிலும் பஸ்ஸிலும் வந்து நின்றா. பார்க்கப் பாவமாக இருந்தது.

"அக்கா, எத்தினை தரம் அலையிறது? மெழுகுத்தாளில ஒண்டு வெச்சிட்டுப் போங்க. கைகாவலுக்கு இரிக்கட்டும்."

"பிழை ஒண்டும் வராதே புள்ள?"

"நான் இரிக்கன்தானே அக்கா."

வைத்தா. நான்தான் மையைக் குழைத்துக் குடுத்தேன்.

எங்கள் ஐயாவின் பெயர் பேரின்பம். அவர் குரல் உயர்ந்து நான் கேட்டதில்லை. ஒருவரையும் ஏசமாட்டார். ஒன்றையும் செய்யச் சொல்லவும் மாட்டார். அதுதான் அவருடைய கெட்டித்தனம். ஏதும் செய்விக்க வேண்டியிருந்தால் பைலைத் தானே தூக்கிக்கொண்டு வருவார். நம்முடைய மேசையில் வைப்பார். எழுத்து நம்மைப் பார்க்கிற மாதிரி அதை ஒரு விரலால் மெதுவாகத் திருப்புவார். "இதை ஒருக்காப் பாருங்க மிஸ்" என்பார். அவ்வளவுதான். போய்விடுவார். பிறகு ஏதும் பிழைத்தால், "நான் பாக்கத்தானே சொன்னன்." அந்த மனிசன் இருபது வருசம் ஒரு உத்தரவும் போடாமல் கந்தோர் நடத்தினார். தன் ஐந்தாவது அடுக்கை வைத்ததும் பெருவிரலைக் கைலேஞ்சியால் துடைத்து, அந்தக் கைலேஞ்சியைக் கழுவக் குடுப்பார்.

அந்த மாரி மழை விடாமல் பெய்தது. வட்டைக்காரர் உழவு மெசினில் ஏறிக் கந்தோர் வளவுக்குள் வந்துவிட்டார்கள். வட்ட விதானை கையில் ஒரு பிடி நெற்பயிரைப் பிடுங்கிக்கொண்டு வந்து என் மேசையில் போட்டார். தண்ணீர் வடிந்து பைல் எல்லாம் நனைந்தது.

"பாருங்க மிஸ். குடலையில நிக்குது, கதிர் இன்னும் வெளிய வரல்ல. இன்னும் ரெண்டு நாள் இப்பிடிக் கிடந்தா நெல்லுமில்ல, வைக்கலுமில்ல. நாங்க என்னத்தைத் திங்கிற?"

அவர் சொன்னதில் பொய் இல்லை. அவருடைய அடுக்கை அப்போதே வாங்கினேன். அன்று பின்னேரமே கண்ணம்மை அக்காவும் வந்தா.

"வெட்டத்தான் வேணும் புள்ள. வயலும் நம்மட சனத்திடதானே. ஆனா போன வருசத்து இடத்தில மட்டும் வெட்டிராதீங்க. அங்கதான் நாங்க இப்ப குடிசை போட்டு இரிக்கம். வடக்கால தள்ளி ஒரு இடம் இரிக்கு. நாளைக்குக் காலம்புற போய்க் குத்திப் பாத்திட்டு, மத்தியானம் திரும்பின உடனே வந்து வைக்கன்."

ஒரு பகல். மனிசி கேட்டது ஒரு பகல். வயலுக்கும் இரண்டு நாள் தவணை இருந்தது. எல்லாம் கணக்காகத்தான் இருந்தது.

ஆனால் அடுத்த நாள் மத்தியானம் மேலிடத்துப் பெரியவர் ஒருவர் முகத்துவாரம் திறக்கிறதைப் பார்க்க வருவதாகப் போன் வந்துவிட்டது. மாலை கட்டச் சொல்லி, கதிரை ஏற்றச் சொல்லி, ஒரே அமளி. காலை பத்து மணிக்குப் பேரின்பம் ஐயா பைலோடு என் மேசைக்கு வந்தார். வைத்தார். திருப்பினார்.

"ஐயா, இரண்டாம் அடுக்கு இன்னும் வைக்கல்ல. அவ மத்தியானம்தான் வருவா."

"ம்."

"ரெண்டு மணித்தியாலம் பொறுத்தா..."

"வடக்கால எண்டு மேல எழுதியிரிக்கன் மிஸ். அவ சொன்ன இடம்தானே? அலுமாரிக்குள்ள கைகாவல் ஏதும் கிடக்கும். ஒருக்காப் பாருங்க."

பார்த்தேன்! அலுமாரியைத் திறந்து, மெழுகுத்தாளை எடுத்து, வட்ட விதானையின் அடுக்குக்கு மேல் வைத்து, கரண்டிக் காம்பால் நானே தேய்த்தேன். அந்த அடுக்கு, போன வருசத்து வாயைப் பார்த்துவிட்டு வந்த கையால் வைத்தது. அதற்குப் போன வருசத்து இடம்தான் தெரியும். இது எனக்குத் தெரியாதா? தெரியாது என்று எழுதினால் அது இன்னொரு பொய். நான் அதை நினைக்காமல் இருந்துகொண்டேன். மூன்றாம் நாலாம் அடுக்கெல்லாம் மளமளவென்று விழுந்தன. ஐயா ஐந்தாவதை வைத்து விரலைத் துடைத்தார். தாள் சூடாகியது.

மத்தியானம் வடக்கு மணலில் கதிரை போட்டு, பெரியவருக்கு மாலை போட்டு, தாளைத் தண்ணீரில் விட்டார்கள். எல்லாரும் அந்த இடத்தையே பார்த்துக்கொண்டு நிற்கிறோம். ஒன்றும் இல்லை. ஒரு குமிழி கூட வரவில்லை. அப்போதுதான் தெற்கேயிருந்து கூக்குரல் கேட்டது.

ஓடிப் போய்ப் பார்த்தால், நண்டோடைக் குடிசைகளுக்கு நடுவில் மணல் பிளந்திருந்தது. பகல் என்பதால் சனம் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு ஓடித் தப்பியது. உயிர்ச்சேதம் இல்லை. ஆனால் குடிசையும் வலையும் தோணியும் காயப்போட்ட கருவாடும் ஒன்றன்பின் ஒன்றாகக் கடலுக்குப் போனதை நான் இந்தக் கண்ணால் பார்த்தேன். எனக்குக் கொஞ்சம் தள்ளி கண்ணம்மை அக்கா நின்றா. கையில் கம்பு. காலையிலிருந்து வடக்கு மணலைக் குத்திக் குத்திப் பார்த்துக்கொண்டு வந்த மனிசி, தான் வைக்க வேண்டிய அடுக்கு வைத்தாயிற்று என்று அப்போதுதான் அறிகிறா.

வயல் தப்பியது, அதையும் சொல்ல வேண்டும்.

ஒரு கிழமை கழித்து விசாரணை வைத்தார்கள். அடுக்கு ஆருடையது என்று பார்க்க ஒரு முறை இருக்கிறது. சொந்தக்காரரின் பெருவிரலை மேலே வைத்தால் அந்த அடுக்கு மட்டும் மினுங்கும். நண்டோடைச் சனம் முழுவதும் சாளரத்தைப் பிடித்துக்கொண்டு பார்க்க, அக்கா விரலை வைத்தா. மினுங்கியது.

"உங்கடதானே?" என்று விசாரணைக்காரர் கேட்டார்.

"ஓம், என்டதான். ஆனா நான் வைக்கல்ல."

உள்ளே இருந்தவர்கள் சிரித்தார்கள். வெளியே ஒருவரும் சிரிக்கவில்லை. "எங்கட வீட்டுக்கு மேலயே வெச்சிரிக்காளே பாவி" என்று ஒரு ஆம்பிளைக் குரல் கேட்டது. சாளரத்துக்குள்ளால் எச்சில் வந்து அக்காவின் சீலையில் விழுந்தது. அவவுடைய சொந்த மச்சான்தான் துப்பினது. அக்கா அதைத் துடைக்கவில்லை. திரும்பி என்னைப் பார்த்தா.

"நீ சொல்லு புள்ள."

அவ்வளவுதான் கேட்டா. நான் அறிக்கை எழுதிக்கொண்டிருந்தேன். பேரின்பம் ஐயா பக்கத்தில் இருந்து, மேசையில் கிடந்த காகிதப் பாரங்களை வரிசையாக அடுக்கிக்கொண்டிருந்தார். விசாரணைக்காரர், "பிரதிநிதி முன்னுக்குப்பின் முரணாகப் பதிலளித்தார்" என்று சொல்லச் சொல்ல, நான் அதை எழுத்துப்பிழை இல்லாமல் எழுதினேன்.

ஏன் பேசவில்லை என்று கேட்பீர்கள். வேலை போய்விடும் என்ற பயம். இரண்டு பொம்பிளைப் பிள்ளைகள், கட்டின மனிசன் இல்லை, பென்சனுக்கு இன்னும் எத்தனையோ வருசம். இதெல்லாம் உண்மை. அக்காவுக்கும் பிள்ளைகள் இருந்தார்கள், அதுவும் உண்மை. பயந்தாங்கொள்ளி என்று ஒரு சொல் தமிழில் இருக்கிறது, அதை எனக்குப் போடுங்கள், போதும்.

நண்டோடையில் அதற்குப் பிறகு அக்காவை வலையில் கை வைக்க விடவில்லை. அவ குடுத்த தண்ணீரைக் குடிக்கவில்லை. கோயில் சடங்குக்கு அழைப்புச் சொல்லவில்லை. கொஞ்ச நாளில் அவ தேற்றாத்தீவில் தங்கச்சி வீட்டோடு போய்விட்டா என்று கேள்விப்பட்டேன். பேரின்பம் ஐயாவுக்குப் பதவி உயர்ந்தது. அவருடைய வாழ்த்துச் செய்தியும் இதே மலரில் முதல் பக்கத்தில் வருகிறதாம். வரட்டும். அவருடைய படத்துக்குப் பக்கத்திலேயே இதையும் போடுங்கள். போடுவீர்களோ தெரியாது. "மிஸ்ஸுக்கு வயசு போயிட்டு" என்பீர்கள்.

இதை எழுதி முடித்ததும் உங்களுக்கு அனுப்ப முன்னம் அக்காவுக்கு வாசித்துக் காட்ட வேண்டும் என்று தோன்றியது. போன செவ்வாய்க்கிழமை நாவற்குடாவில் பஸ் ஏறித் தேற்றாத்தீவுக்குப் போனேன். ரோட்டோரத்தில் கச்சான் கடலை வறுத்துக்கொண்டு இருந்தா. தலை முழுக்க நரைத்துவிட்டது. என்னைக் கண்டதும், "ஆரு, எமில்டாவா? என்னகா இப்பிடி மெலிஞ்சிட்டாய்?" என்றா. அந்த ஒரு கேள்விக்கே எனக்கு அழுகை வந்துவிட்டது. என்னை இருத்திவிட்டுச் சட்டியைக் கிண்டிக்கொண்டே கேட்டா. நான் கடைசி வரைக்கும் வாசித்தேன்.

"நீதான் எடுத்து வெச்சதெண்டு எனக்கு அண்டைக்கே தெரியும்" என்றா. "நான் உன்ட கையில தானே குடுத்தன். வேற ஆருக்கிட்டயும் குடுக்கல்லயே."

"அப்ப ஏன் அக்கா சொல்லல்ல?"

"சொன்னா ஆரு நம்புவாங்க? நீ சொன்னாத்தான் நம்புவாங்க. அதுக்குத்தான் உன்னைப் பாத்தன்."

அக்கா சட்டியை இறக்கி வைத்துவிட்டுக் கையைச் சீலையில் துடைத்தா.

"இதை எனக்கு வாசிச்சு என்ன புள்ள? நான் வைக்கல்ல எண்டு எனக்குத் தெரியாதா? நண்டோடையில போய் வாசி."

"போறன் அக்கா. ஞாயிற்றுக்கிழமை போறன்."

"நானும் வாறன். நீ வாசிக்கக்குள்ள அவங்கட முகத்தை நான் பாக்கோணும்."

ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேரும் போனோம். நண்டோடை இப்போது இன்னொரு இடத்தில் இருக்கிறது. தகரக் கூரை, கல் வீடும் இரண்டொன்று. வலை பொத்துகிற கொட்டிலில் ஆட்கள் இருந்தார்கள். அக்காவைக் கண்டதும் கதை நின்றது. ஒருவரும் வா என்று சொல்லவில்லை. நான் நடுவில் நின்று, இந்தத் தாள்களை எடுத்து, முதல் வரியிலிருந்து வாசிக்கத் தொடங்கினேன். மெழுகுத்தாள் இடத்தை வாய்க்குள் முணுமுணுத்துக் கடந்தேன். "சத்தமா வாசி" என்றா அக்கா. மறுபடியும் சத்தமாக வாசித்தேன். கரண்டிக் காம்பால் தேய்த்ததை வாசித்தேன். அறிக்கையில் நான் எழுதினதையும் வாசித்தேன்.

வாசித்து முடித்தேன். அக்காவின் மச்சான், அன்று துப்பினவர், இப்போது பல்லெல்லாம் போன கிழவர். மெதுவாக எழும்பி உள்ளே போனார். ஒரு பிளாஸ்டிக் கதிரையை இழுத்துக்கொண்டு வந்து, தன் சாரன் நுனியால் அதைத் துடைத்து, அக்காவுக்கு முன்னால் வைத்தார்.

"இரு மச்சாள்" என்றார்.

அக்கா அதில் இருக்கவில்லை. ஒவ்வொரு முகமாகப் பார்த்து முடித்துவிட்டு, அந்தக் கதிரையை என் பக்கம் தள்ளிவிட்டா.

"இவவுக்குக் குடுங்க. இவவுக்குத்தான் கால் நடுங்குது."